டிஎல்எல் கோப்பால் விளையாட்டை மோட் செய்வது: வெறும் லோடர் முதல் தமிழ் மெனு வரை

யூனிட்டி என்ற விளையாட்டு இன்ஜினில் உருவான ஒரு விண்டோஸ் விளையாட்டின் மூலக் கோப்புகளைத் தொடாமல், அது ஓடிக்கொண்டிருக்கும்போதே அதன் நடத்தையை மாற்றும் டிஎல்எல்களை (ஓடும் நிரல் தனக்குள் ஏற்றிக்கொள்ளும் துணை நிரல் கோப்புகள்) எப்படிப் போடுவது, பிறகு சொந்தமாக ஒன்றை எப்படி எழுதுவது என்பதை இங்கே வரிசையாகச் சொல்கிறேன். கோலாலம்பூர் செந்தூலில் சனிக்கிழமைகளில் கல்லூரிப் பிள்ளைகள் சிலரோடு உட்கார்ந்து இந்த வேலையைச் செய்துவருகிறோம். புதிதாக வருகிறவர்கள் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் சறுக்குகிறார்கள். மோட்களை ஏற்றிவிடும் லோடர், விளையாட்டை மாற்றும் பத்து மோட், அவற்றுக்கான துணை நூலகங்கள் எல்லாவற்றையும் ஒரே மூச்சில் ஃபோல்டரில் கொட்டிவிட்டு, “அண்ணே, ஒண்ணுமே வேலை செய்யல” என்று லேப்டாப்பைத் திருப்பிக் காட்டுவார்கள். எது வேலை செய்யவில்லை என்பதை அந்த நிலையில் யாராலும் சொல்ல முடியாது.

ஆகவே கீழே உள்ள வரிசையை மாற்றாதீர்கள். ஒவ்வொரு படியும் முந்தைய படி சரியாக முடிந்திருக்கிறது என்பதை வைத்தே எழுதப்பட்டிருக்கிறது. கோப்புப் பெயர்களை ஒலிப்படி தமிழில் தந்திருக்கிறேன். உங்கள் திரையில் அவை ஆங்கில எழுத்தில் இருக்கும்.

1. தொடங்குமுன் தீர்மானிக்க வேண்டியவை

தனியாக ஆடும் விளையாட்டு ஒன்றைத் தேர்ந்தெடுங்கள். ஈஸி ஆன்டி-சீட், பேட்டில்ஐ, வால்வ் நிறுவனத்தின் விஏசி போன்ற, ஏமாற்றி ஆடுவதைத் தடுக்கும் காவல் மென்பொருள் உள்ள விளையாட்டுகளில் இதைச் செய்யவே வேண்டாம். விளையாட்டின் நினைவகத்துக்குள் வேறொரு டிஎல்எல் நுழைகிறதா என்று பார்ப்பது அவற்றின் வேலைகளில் ஒன்று. நீங்கள் மெனுவின் நிறத்தைத்தான் மாற்றினீர்கள் என்பது அவற்றுக்குத் தெரியாது. விஏசி தடை நிரந்தரமானது. வால்வ் அதை மறுபரிசீலனை செய்வதில்லை.

அடுத்தது, நம்பிக்கை. மோட் டிஎல்எல் என்பது படமோ பாட்டோ அல்ல, முழு நிரல். உங்கள் விண்டோஸ் கணக்குக்கு என்னென்ன அதிகாரம் உண்டோ அத்தனையும் அதற்கும் உண்டு: பிரவுசரில் சேமித்த கடவுச்சொல், ஆவணங்கள், எல்லாம். 2023 ஜூன் மாதம் மைன்கிராஃப்ட் மோட்களுக்குள் ‘ஃபிராக்சரைசர்’ என்ற தீநிரல் புகுந்தது. அது பரவியது மக்கள் அன்றாடம் நம்பி டவுன்லோட் செய்யும் கர்ஸ்ஃபோர்ஜ் தளத்தின் வழியாக. ஆகவே மூலநிரல் திறந்து கிடக்கிற மோட்களுக்கு முதலிடம் கொடுங்கள். வாட்ஸ்அப்பில் நண்பர் அனுப்பிய டிஎல்எல் வேண்டாம். அவரை நம்பலாம், அவருக்கு அது எங்கிருந்து வந்தது என்பதுதான் தெரியாது.

மூன்றாவது, விளையாட்டின் பிரதி. பழைய லேப்டாப் வாங்கும்போது கடைக்காரர் ஏற்றிக்கொடுத்த விளையாட்டில் இதைத் தொடங்காதீர்கள். அதில் டிஎல்எல்கள் ஏற்கெனவே மாற்றப்பட்டிருக்கலாம், பதிப்பு எண்ணையும் நம்ப முடியாது. மோட் எழுதியவர் எந்தப் பதிப்பைப் பார்த்து எழுதினாரோ அதே பதிப்பு உங்களிடம் இருக்க வேண்டும். ஸ்டீம் என்ற இணைய விளையாட்டுக் கடையில் ரிங்கிட் விலையிலேயே வாங்கலாம். தள்ளுபடிக் காலத்தில் பல விளையாட்டுகள் ஒரு நாசி லெமாக், தே தாரிக் செலவுக்குள் வந்துவிடும்.

2. உங்கள் விளையாட்டு எந்த வகை?

இந்தப் படியைத் தாண்டிச் செல்கிறவர்கள்தான் தவறான லோடரை டவுன்லோட் செய்கிறார்கள். ஸ்டீமில் விளையாட்டின் பெயர்மேல் ரைட் கிளிக் செய்து, ‘மேனேஜ்’ என்பதில் ‘பிரவுஸ் லோக்கல் ஃபைல்ஸ்’ கொடுங்கள். திறக்கும் ஃபோல்டரில் மூன்று கேள்விகளுக்கு விடை தேட வேண்டும்.

யூனிட்டிதானா? ‘யூனிட்டிபிளேயர்.டிஎல்எல்’ இருந்தால், அல்லது விளையாட்டின் பெயரோடு ‘_டேட்டா’ என்று முடியும் ஃபோல்டர் இருந்தால் ஆம். அன்ரியல் இன்ஜின் விளையாட்டுகளுக்கு வழிமுறையே வேறு; இந்த வழிகாட்டி அவற்றுக்கு உதவாது.

மோனோவா, ஐஎல்2சிபிபியா? ‘_டேட்டா’ ஃபோல்டருக்குள் ‘மேனேஜ்ட்’ என்ற ஃபோல்டரும் அதில் ‘அசெம்பிளி-சிஷார்ப்.டிஎல்எல்’ கோப்பும் இருந்தால் மோனோ, அதாவது சி ஷார்ப் மொழி நிரலை ஓட்டும் இயக்கி உள்ளேயே இருக்கும் வகை. விளையாட்டு நிறுவனம் சி ஷார்ப்பில் எழுதியது ஏறக்குறைய அப்படியே அதற்குள் இருக்கிறது, திறந்து படிக்கலாம். விளையாட்டைத் திறக்கும் எக்ஸி கோப்புக்குப் பக்கத்தில் ‘கேம்அசெம்பிளி.டிஎல்எல்’ இருந்தால் ஐஎல்2சிபிபி. அங்கே சி ஷார்ப் நிரல் முதலில் சி++ ஆக மாறி, பிறகு நேரடி இயந்திர மொழியாகியிருக்கிறது. முதல் முயற்சிக்கு மோனோ விளையாட்டையே எடுங்கள்.

32 பிட்டா, 64 பிட்டா? விளையாட்டை ஓடவிட்டு, டாஸ்க் மேனேஜரில் ‘டீட்டெயில்ஸ்’ பக்கத்தில் ‘பிளாட்ஃபார்ம்’ என்ற நெடுவரிசையைச் சேர்த்துப் பாருங்கள். பார்க்க வேண்டியது விண்டோஸ் எத்தனை பிட் என்பதை அல்ல, விளையாட்டு எத்தனை பிட் என்பதை. 64 பிட் விண்டோஸில் 32 பிட் விளையாட்டு தாராளமாக ஓடும். ஆனால் 32 பிட் விளையாட்டுக்குள் 64 பிட் லோடர் ஏறவே ஏறாது.

இவற்றோடு யூனிட்டிபிளேயர் கோப்பின் ‘பிராப்பர்ட்டீஸ்’ திறந்து, ‘டீட்டெயில்ஸ்’ பக்கத்தில் உள்ள பதிப்பு எண்ணையும் குறித்துக்கொள்ளுங்கள். பத்தாம் படியில் அது தேவைப்படும்.

3. காப்பு எடுப்பது

இரண்டு இடங்களை நகலெடுங்கள். ஒன்று விளையாட்டு ஃபோல்டர். மற்றது சேவ் கோப்புகள். யூனிட்டி விளையாட்டுகள் பலவும் அவற்றை ‘ஆப்டேட்டா’வுக்குள் ‘லோக்கல்லோ’ என்ற ஃபோல்டரில், நிறுவனத்தின் பெயருக்குக் கீழே வைக்கின்றன. பெரும்பாலானோர் முதலாவதை மட்டும் எடுக்கிறார்கள். விளையாட்டு ஃபோல்டரை ஸ்டீம் எத்தனை முறை வேண்டுமானாலும் திரும்பத் தரும். மோட் கெடுத்துவிட்ட சேவ் கோப்பு அப்படித் திரும்ப வராது.

ஸ்டீமில் அந்த விளையாட்டின் அப்டேட் அமைப்பை, ‘திறக்கும்போது மட்டும் அப்டேட் செய்’ என்று மாற்றுங்கள். மாதக்கணக்கில் ஒழுங்காக ஓடிய மோட் ஒரே இரவில் உடைவதற்கு முதல் காரணம் அப்டேட்தான்.

4. லோடரை மட்டும் போடுங்கள்

இங்கே பெபின்எக்ஸ் என்ற லோடரைப் பயன்படுத்துகிறோம். மோனோ விளையாட்டுக்கு அதன் 5-ஆம் வரிசை. ஐஎல்2சிபிபிக்கு 6-ஆம் வரிசை. ‘எக்ஸ்64’ என்று பெயரில் இருந்தால் 64 பிட்டுக்கு, ‘எக்ஸ்86’ என்று இருந்தால் 32 பிட்டுக்கு. 86 பெரிய எண் என்பதால் அதுதான் புதியது என்று நினைத்து எடுப்பவர்கள் உண்டு, கவனம்.

ஸிப்பை எக்ஸ்ட்ராக்ட் செய்து, உள்ளே இருப்பவற்றை விளையாட்டின் எக்ஸி இருக்கும் ஃபோல்டரிலேயே வையுங்கள். ‘பெபின்எக்ஸ்’ ஃபோல்டர், ‘டோர்ஸ்டாப்_கான்ஃபிக்.ஐஎன்ஐ’, ‘வின்ஹெச்டிடிபி.டிஎல்எல்’ மூன்றும் எக்ஸியின் பக்கத்தில் நிற்க வேண்டும். ஸிப்பின் பெயரிலேயே ஒரு ஃபோல்டர் உருவாகி, அதற்குள் இவை போய் உட்கார்ந்துகொள்வது மிகச் சாதாரணமாக நடக்கும் பிழை.

ஏன் எக்ஸியின் பக்கத்திலேயே இருக்க வேண்டும்? ஒரு நிரல் ஒரு டிஎல்எல்லைப் பெயர் சொல்லிக் கேட்டால், விண்டோஸ் முதலில் அந்த நிரலின் சொந்த ஃபோல்டரில் தேடும். அங்கே இல்லாவிட்டால்தான் சிஸ்டம் ஃபோல்டருக்குப் போகும். வின்ஹெச்டிடிபி என்பது இணையத் தொடர்புக்காக விண்டோஸோடு வருகிற உண்மையான டிஎல்எல். லோடர் அதே பெயரில் ஒரு பதிலியை எக்ஸியின் பக்கத்தில் வைக்கிறது. விளையாட்டு அசலைக் கேட்கும்போது பதிலி ஏறிக்கொள்கிறது. வந்த இணைய அழைப்புகளை அசலுக்கே அனுப்பிவிட்டு, மோனோ எழும் தருணத்தில் பெபின்எக்ஸையும் எழுப்பிவிடுகிறது. விளையாட்டின் கோப்பு ஒன்றுகூட மாறவில்லை. எல்லா டிஎல்எல்களையும் இப்படிப் பதிலியாக்கிவிட முடியாது; ‘கெர்னல்32’ போன்ற சிலவற்றை விண்டோஸ் எப்போதும் சிஸ்டம் ஃபோல்டரிலிருந்தே எடுக்கும். அதனால்தான் இந்தக் குறிப்பிட்ட பெயர். ‘பெயர் வித்தியாசமாக இருக்கிறதே’ என்று யாரும் மாற்றிவிடக் கூடாது.

இந்த ஏற்பாட்டில் ஒரு வசதி இருக்கிறது. எல்லா மோட்களையும் ஒரே நொடியில் நிறுத்த வேண்டுமானால் அந்த ஒரு கோப்பின் பெயரை மாற்றினால் போதும். ஒரு பொறியும் இருக்கிறது. ஸ்டீமில் கோப்புகளைச் சரிபார்க்கச் சொன்னால், அது தனக்குத் தெரிந்த கோப்புகளை மட்டுமே பார்க்கும். கூடுதலாக இருப்பதை அழிக்காது. ‘எல்லாவற்றையும் சரிபார்த்துவிட்டேன், சுத்தமாக இருக்கிறது’ என்று சொல்கிறவரின் ஃபோல்டரில் பழைய வின்ஹெச்டிடிபி அப்படியே இருக்கும்.

ஆன்டிவைரஸ் இந்தப் பதிலியைச் சந்தேகப்படலாம். இன்னொரு டிஎல்எல்லின் பெயரில் ஏறுவது தீநிரல்களின் வழக்கமும்தான். அதற்காக ஆன்டிவைரஸை முழுதாக அணைக்க வேண்டாம். லோடரை அதன் அதிகாரபூர்வ வெளியீட்டுப் பக்கத்திலிருந்து எடுத்ததை உறுதிசெய்து, அந்த ஒரு கோப்புக்கு மட்டும் விலக்கு கொடுங்கள். விண்டோஸ் 11-இல் ‘ஸ்மார்ட் ஆப் கன்ட்ரோல்’ இயங்கிக்கொண்டிருந்தால் கையொப்பமில்லாத டிஎல்எல்களை அது தடுக்கக்கூடும். லோடர் சத்தமே இல்லாமல் ஏறாமல் போனால் அதையும் பாருங்கள்.

ஸ்டீம் டெக்கிலோ லினக்ஸிலோ புரோட்டான் வழியாக ஓட்டினால் இன்னொரு வேலை உண்டு. புரோட்டானுக்குள் இருந்து விண்டோஸ் நிரல்களை ஓட்டும் வைன், வழக்கமாகத் தன்னுடைய சொந்த வின்ஹெச்டிடிபியையே எடுக்கும். ஃபோல்டரில் உள்ளதை முதலில் எடு என்று ‘வைன்டிஎல்எல்ஓவர்ரைட்ஸ்’ மாறியின் மூலம் லாஞ்ச் ஆப்ஷனில் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் எல்லாம் சரியாக இருந்தும் எதுவுமே நடக்காது.

5. வெறும் லோடரோடு ஒரு முறை ஓட்டுங்கள்

மோட் ஒன்றுகூடப் போடாமல் விளையாட்டைத் திறந்து, மெனு வந்ததும் மூடுங்கள். இந்தப் படி வீண் என்று தோன்றும். ஆனால் பின்னால் வரும் சந்தேகங்களில் பாதியை இதுவே தீர்த்துவிடுகிறது.

‘பெபின்எக்ஸ்’ ஃபோல்டருக்குள் இப்போது ‘கான்ஃபிக்’, ‘பிளகின்ஸ்’ ஃபோல்டர்களும், நடந்ததை வரிவரியாக எழுதிவைக்கும் ‘லாக்அவுட்புட்.லாக்’ என்ற கோப்பும் புதிதாகத் தோன்றியிருக்க வேண்டும். லாக்கை நோட்பேடில் திறங்கள். தொடக்கத்தில் யூனிட்டி பதிப்பு, நடுவில் ‘பிரீலோடர் ஸ்டார்ட்டெட்’, பிறகு ‘0 பிளகின்ஸ் டு லோட்’, கடைசியில் ‘செயின்லோடர் ஸ்டார்ட்டப் கம்ப்ளீட்’ என்ற வரிகள் இருந்தால் அடுத்த படிக்குப் போகலாம்.

லாக் கோப்பே இல்லையென்றால் லோடர் ஏறவில்லை. நான்காம் படியையும், இரண்டாம் படியில் பார்த்த பிட் கணக்கையும் திரும்பப் பாருங்கள். பிரீலோடர் தொடங்கி, செயின்லோடர் வரியே வரவில்லையென்றால், லோடர் விளையாட்டுக்குள் நுழையும் இடம் இந்த விளையாட்டுக்குப் பொருந்தவில்லை, ‘கான்ஃபிக்’ ஃபோல்டரில் உள்ள ‘பெபின்எக்ஸ்.சிஎஃப்ஜி’யில் ‘பிரீலோடர்.என்ட்ரிபாயின்ட்’ பகுதியை மாற்ற வேண்டும். பழைய யூனிட்டியில் செய்த விளையாட்டுகளில் இது வரும். எந்த மதிப்பு சரி என்பதை அந்த விளையாட்டுக்கென்றே மோட் எழுதுகிறவர்களின் குறிப்புகளில் தேடுங்கள். ஊகித்து மாற்ற வேண்டாம்.

அதே சிஎஃப்ஜி கோப்பில் ‘லாகிங்.கன்சோல்’ என்ற பகுதியில் ‘எனேபிள்ட்’ என்பதை ‘ட்ரூ’ ஆக்கிவிடுங்கள். விளையாட்டோடு ஒரு கறுப்பு ஜன்னலும் திறந்து, நடப்பதை அப்போதைக்கப்போது காட்டும்.

ஐஎல்2சிபிபி விளையாட்டாக இருந்தால் முதல் ஓட்டம் நீண்ட நேரம் எடுக்கும். மோட்கள் பேசுவதற்கான இடைமுக டிஎல்எல்களை லோடர் அப்போதுதான் தயாரித்து ‘இன்டராப்’ ஃபோல்டரில் வைக்கிறது. உறைந்துவிட்டது என்று நினைத்துப் பாதியில் மூடாதீர்கள்.

6. ஒரே ஒரு மோட்

தேவைகள் மிகக் குறைவான மோட் ஒன்றைத் தேர்ந்து, அதன் டிஎல்எல்லை ‘பிளகின்ஸ்’ ஃபோல்டரில் வைத்து ஓட்டுங்கள். லாக்கில் அந்த மோட்டின் பெயரும் பதிப்பு எண்ணும் வந்தால் சரி. பிறகு அடுத்தது. மோட் பக்கத்தில் ‘தேவைப்படுபவை’ என்று துணை நூலகம் எதையாவது சொல்லியிருந்தால், முதலில் நூலகத்தைப் போட்டு ஓட்டிப் பார்த்துவிட்டு, அதன்பிறகு மோட்டைப் போடுங்கள்.

ஒரு மோட்டை நிறுத்த, ‘பிளகின்ஸ்’ உள்ளேயே ‘பழசு’ என்று ஒரு ஃபோல்டர் உருவாக்கி அதில் தள்ளிவிடுவது பலரின் பழக்கம். லோடர் உள்ஃபோல்டர்களையும் தேடும். அந்த மோட் தொடர்ந்து ஓடிக்கொண்டேதான் இருக்கும். வெளியே எடுத்துவிடுங்கள், அல்லது கோப்பின் வால்பெயரை மாற்றுங்கள்.

மெலன்லோடர் என்ற இன்னொரு லோடருக்காக எழுதிய மோட்கள் பெபின்எக்ஸில் நேரடியாக ஓடாது. அதற்கு ‘மோட்ஸ்’ என்ற தனி ஃபோல்டர், தனி அமைப்பு. இரண்டு லோடரையும் ஒரே விளையாட்டில் போட்டு ஓட்டப் பார்ப்பது வீண் தலைவலி.

7. லாக்கைப் படிப்பது

பிழை வந்தால் கீழிருந்து மேலே படிக்காதீர்கள். மேலிருந்து வந்து, ‘எரர்’ என்று முதலில் தெரியும் வரியில் நில்லுங்கள் (கறுப்பு ஜன்னலில் அது சிவப்பாக இருக்கும்). அதற்குக் கீழே உள்ள நூறு வரிகளும் அந்த முதல் பிழையின் விளைவாக இருக்கலாம். புதியவர்கள் அனுப்பும் ஸ்கிரீன்ஷாட் எப்போதும் கடைசி வரியைத்தான் காட்டும். நமக்குத் தேவையானது அதற்கு வெகுமேலே இருக்கும்.

‘மிஸ்ஸிங் டிபென்டன்சீஸ்’ என்றால் துணை நூலகம் இல்லை, அல்லது பழைய பதிப்பு இருக்கிறது. எது வேண்டும் என்று அதே வரியில் பெயர் இருக்கும்.

‘மிஸ்ஸிங்மெத்தட்எக்ஸெப்ஷன்’, ‘டைப்லோட்எக்ஸெப்ஷன்’ இரண்டும் பெரும்பாலும் பதிப்புப் பொருந்தாமையைச் சொல்கின்றன. மோட் தேடும் செயற்கூறோ வகையோ இந்தப் பதிப்பில் இல்லை; அப்டேட்டில் பெயர் மாறியிருக்கலாம். மோட்டின் புதிய பதிப்புக்குக் காத்திருங்கள், அல்லது விளையாட்டின் ‘பீட்டாஸ்’ பக்கத்தில் பழைய பதிப்பு கிடைக்கிறதா என்று பாருங்கள்.

‘பேட்இமேஜ்ஃபார்மட்எக்ஸெப்ஷன்’ என்றால் பிட் பொருந்தாத கோப்பு, அல்லது பாதியில் நின்ற டவுன்லோட். ஹாட்ஸ்பாட்டில் இறக்கியிருந்தால் இரண்டாவதை முதலில் சந்தேகப்படுங்கள்.

‘ஸ்கிப்பிங்’ என்று தொடங்கி, புதிய பதிப்பு ஏற்கெனவே இருக்கிறது என்று சொன்னால், ஒரே மோட் இரண்டு இடத்தில் கிடக்கிறது. பழையதைத் தேடி அழியுங்கள்.

‘நல்ரெஃபரன்ஸ்எக்ஸெப்ஷன்’ கொஞ்சம் கடினம். இன்னும் உருவாகாத ஒன்றை யாரோ தொட்டிருக்கிறார்கள். கீழே வரும் வரிகளில் எந்த மோட்டின் பெயர் முதலில் வருகிறது என்று பாருங்கள். எதுவும் வரவில்லையென்றால் பாதி மோட்களை வெளியே எடுத்து ஓட்டுங்கள். பிழை போய்விட்டால் எடுத்த பாதியில்தான் சிக்கல். அந்தப் பாதியை மறுபடி பாதியாக்குங்கள். 32 மோட் இருந்தாலும் ஐந்து ஓட்டத்தில் பிடித்துவிடலாம்.

லாக் சுத்தம், மோட் ஏறிவிட்டது, ஆனாலும் விளையாட்டில் ஒன்றும் நடக்கவில்லை என்றால் ஒரு தனி வகை. சில விளையாட்டுகள் காட்சி மாறும்போது தமக்குத் தெரியாத பொருள்களை அழித்துவிடும். லோடரின் பொருளும் அதோடு போய்விடுகிறது. சிஎஃப்ஜியில் ‘ஹைட்மேனேஜர்கேம்ஆப்ஜெக்ட்’ என்பதை ‘ட்ரூ’ ஆக்கிப் பாருங்கள்.

8. சொந்த டிஎல்எல்லுக்கான புராஜெக்ட்

சி ஷார்ப்பில் வகுப்பு, செயற்கூறு என்றால் என்ன என்பது தெரிந்திருக்க வேண்டும். டாட்நெட் எஸ்டிகே, விஷுவல் ஸ்டுடியோ கம்யூனிட்டி, டிஎல்எல்லைத் திறந்து படிக்க ஐஎல்ஸ்பை, மூன்றும் இலவசம்.

முதல் முடிவு, டார்கெட் ஃபிரேம்ஒர்க், அதாவது எந்த டாட்நெட் பதிப்புக்காக நம் டிஎல்எல்லைக் கட்டுகிறோம் என்பது. விளையாட்டின் ‘மேனேஜ்ட்’ ஃபோல்டரில் ‘நெட்ஸ்டான்டர்ட்.டிஎல்எல்’ இருந்தால் டாட்நெட் ஸ்டான்டர்ட் 2.0. இல்லையென்றால் ‘எம்எஸ்கார்லிப்’ கோப்பின் பதிப்பைப் பாருங்கள்: 4 என்று தொடங்கினால் டாட்நெட் ஃபிரேம்ஒர்க் 4.6, அதற்கும் கீழே என்றால் 3.5. விஷுவல் ஸ்டுடியோ முன்னிருப்பாகத் தருவது மிகப் புதிய டாட்நெட். அதை அப்படியே விட்டுக் கட்டினால் டிஎல்எல் கட்டப்பட்டுவிடும், பிழையே காட்டாது. விளையாட்டுக்குள்ளே இருக்கும் மோனோவுக்குத்தான் அது தெரியாமல் போகும்.

அசெம்பிளி-சிஷார்ப்பையும், வேண்டிய யூனிட்டி டிஎல்எல்களையும் ரெஃபரன்ஸாகச் சேர்க்கும்போது ‘காப்பி லோக்கல்’ என்பதை ‘நோ’ ஆக்குங்கள். ஆக்காவிட்டால் விளையாட்டின் டிஎல்எல் உங்கள் வெளியீட்டு ஃபோல்டரில் நகலாகி, அங்கிருந்து ‘பிளகின்ஸ்’ போய், பிறகு நீங்கள் பகிரும் ஸிப்புக்குள்ளும் போய்விடும். அது வேறொருவரின் சொத்து. மலேசியாவின் 1987-ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தில் கணினி நிரலுக்கும் பாதுகாப்பு உண்டு.

வகுப்பு ‘பேஸ்யூனிட்டிபிளகின்’ என்பதிலிருந்து வர வேண்டும். அதன் தலையில் ‘பெபின்பிளகின்’ குறிப்பு: ஜியூஐடி (மோட்டின் தனி அடையாளம்), பெயர், பதிப்பு. ஜியூஐடியைப் புள்ளி வைத்த சிறிய ஆங்கில எழுத்துகளில் கொடுங்கள், வெளியிட்ட பிறகு மாற்றாதீர்கள். பயனரின் அமைப்புக் கோப்பு அந்தப் பெயரில்தான் சேமிக்கப்படுகிறது. மாற்றினால் அவர் செய்த அமைப்புகள் எல்லாம் காணாமல்போகும்.

மோட் ஏறியதும் ஓடும் ‘அவேக்’ செயற்கூறில் ஒரே ஒரு லாக் வரி எழுதி, கட்டி, போட்டு, லாக்கில் அது வருகிறதா என்று பாருங்கள். அது வரும்வரை வேறு எதையும் எழுத வேண்டாம்.

9. ஹார்மனி ஒட்டு

ஓடும் செயற்கூறுக்குள் நம் நிரலைச் சேர்ப்பது ஹார்மனி என்ற நூலகம். அப்படிச் சேர்ப்பதுதான் ஒட்டு. பெபின்எக்ஸோடு சேர்ந்தே வருகிறது. தனியாக எடுத்துப் போட வேண்டாம். வட்டில் இருக்கும் கோப்பை அது தொடுவதில்லை. நினைவகத்தில், மூலச் செயற்கூறுக்குப் போக வேண்டிய அழைப்பைப் புதிதாகக் கட்டிய ஒன்றுக்குத் திருப்பிவிடுகிறது.

‘போஸ்ட்ஃபிக்ஸ்’ என்பது மூலச் செயற்கூறு முடிந்த பிறகு ஓடும். ‘பிரீஃபிக்ஸ்’ அதற்கு முன்பு ஓடும். அது ‘ஃபால்ஸ்’ திருப்பினால் மூலம் ஓடவே ஓடாது. ‘டிரான்ஸ்பைலர்’ உள்கட்டளைகளையே மாற்றும். இப்போதைக்கு அதை விட்டுவிடுங்கள். முடிந்தவரை போஸ்ட்ஃபிக்ஸ் பயன்படுத்துங்கள். மூலத்தை நிறுத்திவிட்டால் அது செய்துவந்த மற்ற வேலைகளும் நின்றுபோகும், அவற்றை நம்பியிருக்கும் பிறரது மோட்களும் தடுமாறும்.

நான் திரும்பத் திரும்பப் பார்க்கும் பிழைகள் இவை. ஒட்டுச் செயற்கூறு ‘ஸ்டாட்டிக்’ ஆக இல்லாமலிருப்பது. திரும்பும் மதிப்பை மாற்ற ‘ரிசல்ட்’ எடுத்துவிட்டு ‘ரெஃப்’ போட மறப்பது. இதில் பிழையும் வராது, மாற்றமும் வராது, அதனால் கண்டுபிடிக்க மிகவும் நேரமாகும். சிறப்புப் பெயர்களுக்கு முன் இரண்டு அடிக்கோடு வேண்டிய இடத்தில் ஒன்று மட்டும் போடுவது. ஒட்டுகளை எல்லாம் செயல்படுத்தும் ‘பேட்ச்ஆல்’ அழைப்பை எழுதவே மறப்பது.

ஒரே பெயரில் பல செயற்கூறுகள் இருந்தால் ‘ஆம்பிகுவஸ்மேட்ச்’ பிழை வரும். உள்ளீட்டு வகைகளையும் சேர்த்துச் சொன்னால் தீரும். மிகச் சிறிய செயற்கூறை மோனோ அழைப்பிடத்திலேயே கரைத்துவிடுவது உண்டு. அப்போது ஒட்டு வெற்றி என்று காட்டும், ஆனால் ஓடாது. அதை அழைக்கும் பெரிய செயற்கூறை ஒட்டுங்கள். கோரூட்டீனை (பல ஃபிரேம்களில் பகுதி பகுதியாக ஓடும் செயற்கூறு) ஒட்டினால் அதைத் தயாரிக்கும் பகுதிதான் ஒட்டப்படும். உள்ளே படிப்படியாக ஓடுவது ‘மூவ்நெக்ஸ்ட்’, ஒட்ட வேண்டியதும் அதைத்தான்.

10. பயிற்சி: மெனுவைத் தமிழில் காட்டுவது

எங்கள் குழுவில் எல்லோரும் முதலில் செய்ய ஆசைப்படுவது இதை. தமிழ்ப்பள்ளியில் படிக்கும் தம்பி தங்கைகள் வீட்டில் இருக்கிறார்கள். அவர்களுக்குக் காட்ட வேண்டும் என்ற ஆசை நியாயமானது. வேலை மூன்று பகுதியாகப் பிரியும்.

முதல் பகுதி, எழுத்தைப் பிடிப்பது. இன்றைய யூனிட்டி விளையாட்டுகளில் எழுத்தைத் திரையில் காட்டப் பெரும்பாலும் டெக்ஸ்ட்மெஷ்புரோ என்ற கூறு இருக்கும். ‘டிஎம்பி_டெக்ஸ்ட்’ வகுப்பில் ‘டெக்ஸ்ட்’ என்ற பண்பின் செட்டருக்கு (அதன் மதிப்பை மாற்றும் செயற்கூறு) ஒரு பிரீஃபிக்ஸ் எழுதி, ‘ரெஃப்’ போட்டு ‘வேல்யூ’வை எடுத்து, நம் அகராதியில் அந்த ஆங்கிலச் சொல் இருந்தால் தமிழாக மாற்றுங்கள். அகராதிக் கோப்பை யூடிஎஃப்-8 ஆகச் சேமித்து, ‘அவேக்’கில் ஒரே முறை படித்து நினைவகத்தில் வையுங்கள். ஒட்டுக்குள்ளேயே கோப்பைத் திறந்து படித்தால், ஒவ்வொரு ஃபிரேமிலும் மாறும் எண்கள் உள்ள திரையில் விளையாட்டு தவழும்.

சில பொத்தான்கள் மாறாமல் ஆங்கிலத்திலேயே நிற்கும். காட்சியைக் கட்டும்போதே எழுதிவைத்த சொற்கள் செட்டர் வழியாக வருவதில்லை. அவற்றுக்கு ‘டெக்ஸ்ட்மெஷ்புரோயுஜிஐ’ வகுப்பின் ‘ஆன்எனேபிள்’ மீது ஒரு போஸ்ட்ஃபிக்ஸ் வேண்டும். ‘செட்டெக்ஸ்ட்’ வழியாக வருபவற்றுக்குத் தனி ஒட்டு.

இரண்டாம் பகுதி, எழுத்துரு. விளையாட்டின் எழுத்துருவில் தமிழ் இருக்காது. கட்டம் கட்டமாகத் தெரியும். நோட்டோ சான்ஸ் தமிழ் திறந்த உரிமத்தில் கிடைக்கிறது, அதை எடுங்கள். மைக்ரோசாஃப்டின் லதா, நிர்மலா எழுத்துருக்களைப் பகிர உங்களுக்கு உரிமை இல்லை. இரண்டாம் படியில் குறித்த அதே யூனிட்டி பதிப்பின் எடிட்டரில் டிஎம்பி எழுத்துருவாக மாற்றி, அசெட் பண்டிலாக (யூனிட்டி ஓடும்போது ஏற்றக்கூடிய பொட்டலக் கோப்பு) கட்டி, மோட்டிலிருந்து ஏற்றி, மூல எழுத்துருவில் எழுத்து இல்லாதபோது தேடும் ‘ஃபால்பேக்’ பட்டியலில் சேருங்கள். மூல எழுத்துருவை நீக்க வேண்டாம். ஆங்கிலமும் எண்களும் அதிலிருந்தே வரட்டும்.

மூன்றாம் பகுதியில்தான் பலர் கைவிடுகிறார்கள். எழுத்துரு ஏறிவிடும், தமிழ் தெரியும், ஆனால் ‘தொடங்கு’ என்பது சிதைந்து நிற்கும். யூனிகோடில் ‘கெ’ என்பது ககரத்துக்குப் பின் ஒற்றைக்கொம்பு என்ற வரிசையில் சேமிக்கப்படுகிறது. திரையில் கொம்பு முன்னால் வர வேண்டும். பிரவுசரும் வேர்டும் இந்த இடமாற்றத்தைத் தாமே செய்துகொள்கின்றன. டெக்ஸ்ட்மெஷ்புரோ செய்வதில்லை, வந்த வரிசையிலேயே குறிகளை அடுக்கிவிடுகிறது. எழுத்துருவை மாற்றி மாற்றிப் பார்ப்பதில் பயன் இல்லை. சிக்கல் எழுத்துருவில் இல்லை.

ஆகவே இடமாற்றத்தை நாமே செய்ய வேண்டும். எ, ஏ, ஐ மூன்றின் உயிர்க்குறிகளையும் மெய்க்கு முன்னால் நகர்த்துங்கள். ஒகரக் குறியை ஒற்றைக்கொம்பு, மெய், கால் என்று மூன்றாகப் பிரியுங்கள். ஓகாரத்துக்கு இரட்டைக்கொம்பு. ஔகாரத்துக்குக் கடைசியில் ‘ௗ’. ‘க்ஷ’ கூட்டெழுத்தில் கொம்பு முழுக்கூட்டுக்கும் முன்னால் போக வேண்டும். ஷகரத்துக்கு முன் மட்டும் வைத்தால் நடுவில் நுழைந்துவிடும்.

இதற்குப் பிறகும் கு, கூ, து, தூ போன்றவை பிழையாகத் தெரியும். ஒவ்வொரு மெய்க்கும் உகர ஊகார வடிவம் வேறு, அவற்றுக்குத் தனி யூனிகோடு இடம் இல்லை. எழுத்துருவின் உள்விதிகள்தான் அவற்றைத் தருகின்றன. எழுத்துரு எடிட்டரில் அந்த வடிவங்களை எடுத்து, யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ள யூனிகோடு விட்டுவைத்த, ஈ000 (E000) என்ற எண்ணில் தொடங்கும் தனியார் பகுதியில் வரிசையாக வையுங்கள். சொல்லில் அந்த எழுத்து வரும் இடத்தில் இந்தப் புது எண்ணைப் போடுங்கள். 18 மெய்க்கு இரண்டிரண்டாக 36. அவற்றோடு டி, டீ, க்ஷ, ஸ்ரீ. மெய்யின் மேல் புள்ளி தள்ளி விழுந்தால் புள்ளி எழுத்துகள் 18-ஐயும் இதேபோல் சேருங்கள். மாற்றிய எழுத்துருவுக்குப் புதுப் பெயர் கொடுத்து, உரிமக் கோப்பையும் கூடவே வையுங்கள்.

இந்த மாற்றங்கள் எல்லாவற்றையும் அகராதியை ஏற்றும்போதே செய்து முடித்துவிடுங்கள். ஏற்கெனவே இடம் மாற்றிய சொல்லை மறுபடி மாற்றினால் கொம்பு முந்தைய எழுத்தோடு ஒட்டிக்கொள்ளும். சோதனைக்கு ‘கொக்கு’, ‘கௌதாரி’, ‘பெண்டூலம்’, ‘லக்ஷ்மி’ ஆகிய நான்கு சொற்களையும் மெனுவில் போட்டுப் பாருங்கள். நான்கும் சரியாக வந்தால் பெரும்பாலான இடங்களைத் தொட்டுவிட்டீர்கள்.

11. பகிர்வதற்கு முன்

ஸிப்பில் உங்கள் டிஎல்எல், அசெட் பண்டில், அகராதி, உரிமம், ஒரு குறிப்பு, இவ்வளவுதான். உள்ளே விளையாட்டின் டிஎல்எல் எதுவும் ஒளிந்திருக்கவில்லையா என்று ஒரு முறை திறந்து பாருங்கள். மூலநிரலையும் வெளியிடுங்கள், முதல் படியில் மற்றவர்களிடம் நாம் எதிர்பார்த்தது அதைத்தான்.

குறிப்பில் விளையாட்டின் பதிப்பு, பெபின்எக்ஸ் பதிப்பு, 32 அல்லது 64 பிட் மூன்றையும் எழுதுங்கள். உதவி கேட்பவர்கள் ஸ்கிரீன்ஷாட்டுக்குப் பதிலாக முழு லாக் கோப்பையே அனுப்ப வேண்டும் என்றும் அதில் சேருங்கள். லாக்கில் கோப்புப் பாதைகள் வந்தால் விண்டோஸ் பயனர் பெயர் அதில் தெரியக்கூடும். அனுப்புமுன் அதை அழித்துவிடச் சொல்லுங்கள்.

கடைசியாக, இன்னொருவரின் லேப்டாப்பில், லோடர்கூட இல்லாத விளையாட்டில், உங்கள் குறிப்பை மட்டும் பார்த்து அவரே நிறுவட்டும். நீங்கள் பக்கத்தில் இருந்தாலும் வாய் திறக்காதீர்கள். அவர் எந்த வரியில் நின்று உங்களைத் திரும்பிப் பார்க்கிறாரோ, அந்த வரியைத் திருத்திவிட்டு வெளியிடுங்கள்.